ஆணியிலே பஞ்சாங்கம்! அலமாரியிலே அறிவு!

தோழர்களே! உங்கள் வீட்டுச் சுவரைச் சற்றே நிமிர்ந்து பாருங்கள். அங்கே ஓர் ஆணி. ஆணியிலே ஒரு நூற்கயிறு. கயிற்றின் நுனியிலே, மஞ்சட் கறையும் எண்ணெய்க் கறையும் படிந்து, ஓரம் சுருண்டு, ஆண்டு முழுவதும் ஆடிக்கொண்டிருக்கிறது ஓர் ஏடு. வள்ளுவம் பேசும் ஏடா? இல்லை. வழக்கு வந்தால் வழிகாட்டும் சட்ட ஏடா? இல்லை. காய்ச்சல் வந்தால் கைகொடுக்கும் மருத்துவ ஏடா? அதுவும் இல்லை. அதுதான் பஞ்சாங்கம்!

பெண் பார்க்கப் புறப்படுகிறார் தந்தை. "இன்று சூலம், நாளை போ" என்கிறது பஞ்சாங்கம். கிணறு வெட்டக் கடப்பாரை எடுக்கிறார் உழவர், "கீழ்நோக்கு நாள் பார்த்தாயா?" என்று மடக்குகிறது. தோளிலே பல்லி விழுகிறது. விழுந்த பல்லி தன் வலியோடு ஓடி மறைகிறது. விழப்பெற்றவரோ பலன் தேடிப் பக்கம் புரட்டுகிறார்! கல்லாதவர் வீட்டிலே மட்டுமா இந்தக் காட்சி? கல்லூரிப் பட்டத்தைக் கண்ணாடிச் சட்டமிட்டு மாட்டியிருக்கும் வீட்டிலும், அந்தச் சட்டத்துக்குப் பக்கத்து ஆணியிலே அதே ஏடு. இன்று அது நாள்காட்டித் தாளின் அடியிலும் அச்சாகிறது, கைப்பேசிக்குள்ளும் குடிபுகுந்துவிட்டது.

நாம் பஞ்சாங்கத்தைப் பழித்திருக்கிறோம். மேடைதோறும் பழித்திருக்கிறோம், பழிக்க வேண்டியதுதான். ஆனால், பகைவன் வாளைப் பழிப்பவன், அதன் கூர்மை எங்கிருந்து வந்தது என்று ஒருமுறையேனும் எண்ணிப் பார்க்க வேண்டாமா?

எண்ணிப் பாருங்கள். பஞ்சாங்கம் ஒரே தொகுதி. விலை குறைவு. ஆண்டுதோறும் புதிதாக வெளிவருகிறது. கை நீட்டினால் எட்டுகிறது. எந்தப் பக்கத்தில் எது இருக்கும் என்று பாட்டிக்கும் தெரியும், பேரனுக்கும் தெரியும். கேள்வி எழுந்த அந்த நொடியிலேயே, பொய்யோ புரட்டோ, ஒரு விடை தந்துவிடுகிறது! பார்வை நூல் என்பதற்கு இதைவிட வேறு இலக்கணம் உண்டா? கருவி நல்ல கருவி. அதற்குள் ஊற்றி வைத்திருக்கும் சரக்குத்தான் நஞ்சு!

சனி எந்த வீட்டிலே இருந்தான்?

அந்தச் சரக்கின் தரத்துக்கு ஒரு சான்று போதும். வாக்கியம் என்றும் திருக்கணிதம் என்றும் பஞ்சாங்கத்திலே இரண்டு கட்சி. வாக்கியம் பழைய வாய்பாட்டை விடாமல் பற்றிக்கொண்டிருப்பது; திருக்கணிதம் வானத்தைப் பார்த்துக் கணக்கைத் திருத்திக்கொண்டது. சனி மகரத்தை விட்டுக் கும்பத்துக்குப் போனது எப்போது? 2023 சனவரி 17 என்றது திருக்கணிதம். 2023 டிசம்பர் 20 என்றது வாக்கியம். ஒரே சனி! இடையிலே பதினொரு மாதம்! அந்தப் பதினொரு மாதமும் சனி எந்த வீட்டிலே இருந்தான்? இரண்டு வீட்டுக்கும் வாடகை கொடுத்தானா?

ஞாயிற்றைச் சுற்றிவர ஏறத்தாழ 29½ ஆண்டு எடுத்துக்கொள்ளும் கோள் அது. யார் பெயர்ச்சி விழா எடுத்தாலும், எடுக்காவிட்டாலும், அது தன் பாதையிலே போய்க்கொண்டிருக்கிறது. ஒரு கட்சியின் கணக்குச் சரியாக இருக்கலாம்; ஆனால், சரியான கணக்கைக் காட்டிவிட்டு, "ஆகவே உன் மகளுக்கு மணம் தள்ளிப்போகும்" என்று சொல்வதற்கு அந்தக் கணக்கிலே இடம் ஏது?

இராகு காலம் என்கிறார்கள். பகற்பொழுதை எட்டுக் கூறாக்கி, ஒரு கூற்றை ஒதுக்கிவைக்கிறார்கள். நாளுக்கு ஒன்றரை மணி. இராகு ஒரு கோளே அன்று. நிலவின் பாதையும், வானிலே ஞாயிறு செல்வதாகத் தோன்றும் பாதையும் வெட்டிக்கொள்ளும் ஒரு புள்ளி. அந்தப் புள்ளிக்கு அஞ்சி நாள்தோறும் ஒன்றரை மணியை விலக்குகிறவன், ஆண்டுக்கு ஏறத்தாழ 547 மணி நேரத்தை, அதாவது 23 முழு நாளைப் புள்ளிக்குப் படையலிடுகிறான்!

இதையெல்லாம் அறிஞர் சொல்லவில்லையா? சொன்னார்கள். மேகநாத சாகா என்னும் பெருமகன், வங்கத்திலே ஒரு சிறு கடைக்காரரின் மகனாகப் பிறந்து, ஒடுக்கப்பட்ட சாதியின் இழிவைச் சுமந்து, விண்மீன்களின் வெப்பத்தை அளக்கும் வாய்பாட்டை உலகுக்கு அளித்தவர். 1952இல் அமைக்கப்பட்ட நாட்காட்டிச் சீர்திருத்தக் குழுவுக்குத் தலைமை தாங்கினார். நாட்டிலே ஏறத்தாழ 30 வகை நாட்காட்டிகள் வழங்குவதையும், பருவத்தோடு பொருந்த வேண்டிய ஆண்டுத் தொடக்கம் 23 நாள் பிந்திக் கிடப்பதையும் அக்குழு எடுத்துக்காட்டிற்று. 1955இல் அறிக்கை வந்தது. 1957 மார்ச் 22 முதல் தேசிய நாட்காட்டியும் வந்தது. வந்து என்ன? சாகாவின் அறிக்கை நூலகத்தின் உயரமான தட்டிலே. பஞ்சாங்கம் அதே ஆணியிலே!

உண்மை தோற்றதா? இல்லை தோழர்களே. உண்மை, உரிய இடத்துக்கு வந்து சேரவே இல்லை!

பத்துத் தொகுதிப் பெருமை

"தமிழிலே கலைக்களஞ்சியம் இல்லையா?" என்று கேட்பார்கள். இருக்கிறது. தமிழ் வளர்ச்சிக் கழகம் 1954இல் முதல் தொகுதியை வெளியிட்டு, 1968இல் பத்தாம் தொகுதியோடு நிறைவு செய்த கலைக்களஞ்சியம் தமிழின் தலைநிமிர்வு. அதன் முதன்மை ஆசிரியர் பெரியசாமித் தூரன் நம் பாசறையைச் சேர்ந்தவர் அல்லர். ஆயினும் அந்த உழைப்புக்கு முன் தலைவணங்காதவன் தமிழன் அல்லன். கலைச்சொல் இல்லாத இடத்திலே சொல்லை ஆக்கி, எழுதுவோர் இல்லாத துறையிலே எழுதுவோரைத் தேடி, இயற்பியலையும் உயிரியலையும் தமிழ் பேச வைத்தவர் அவர். 1981இல் தோன்றிய தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகமும் வாழ்வியற் களஞ்சியம், அறிவியல் களஞ்சியம் எனத் தொகுதி தொகுதியாக வெளியிட்டது.

பெருமைதான். ஆனால் அந்தப் பெருமை எங்கே இருக்கிறது? பெரிய நூலகத்தின் கண்ணாடி அலமாரியிலே, பூட்டுக்குள்ளே! நெசவாளியின் தறி அருகே பத்துத் தொகுதியை எங்கே அடுக்குவது? ஒற்றை அறை வீட்டிலே மனிதர் படுப்பதா, தொகுதிகள் படுப்பதா? தொகுதி பெருகப் பெருகத் தூரமும் பெருகிற்று. ஆய்வாளனுக்குப் பத்துத் தொகுதி வேண்டும், மறுக்கவில்லை. இரவு பத்து மணிக்குப் பிள்ளைக்கு வயிற்றுப்போக்கு என்று தவிக்கும் தாய்க்கு வேண்டியது, கை நீட்டினால் கிடைக்கும் ஒரே தொகுதி!

ஒரே தொகுதியும் தமிழுக்குப் புதிதன்று. யாழ்ப்பாணத்து முத்துத்தம்பிப் பிள்ளை 1902இலேயே அபிதான கோசம் தந்தார். சென்னையிலே பச்சையப்பன் பள்ளியில் தமிழாசிரியராயிருந்த சிங்காரவேலு முதலியார், இருபது ஆண்டு தனியொருவராய்த் தொகுத்து, அச்சிடப் பொருளின்றி அலைந்து, பாண்டித்துரைத் தேவர் கைகொடுக்க, மதுரைத் தமிழ்ச் சங்கத்தின் வழியாக 1910இல் அபிதான சிந்தாமணியை வெளியிட்டார். 1934இல் வந்த இரண்டாம் பதிப்பு 1,600 பக்கங்களையும் தாண்டியது. மாத ஊதியக்காரர் ஒருவரின் மலை போன்ற உழைப்பு அது!

அதைத் திறந்து பாருங்கள். அகரவரிசையிலே அரசனும் வருகிறான், அசுரனும் வருகிறான். புலவரும் வருகிறார், புராண முனிவரும் வருகிறார். வரலாறும் கதையும் ஒரே பந்தியிலே உட்கார்ந்து, ஒரே இலையிலே உண்கின்றன. எது நடந்தது, எது நடந்ததாகச் சொல்லப்படுவது என்று பிரித்துக்காட்டும் கோடு அங்கே இல்லை. அவரைக் குறை கூற நமக்கு வாயில்லை. 1910இன் ஏட்டுலகம் அவருக்குத் தந்தது அவ்வளவு. குறை நம்முடையது! அவர் ஒருவராய் நின்று செய்ததை நூறு பேராய் நின்று மறுபடி செய்யாமல், பழைய பதிப்பையே படியெடுத்துப் படியெடுத்து விற்றுக்கொண்டிருக்கும் நாடு இது.

"முடியாது" என்று சொல்லிவிட முடியுமா? க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி 1992இல் ஒரே தொகுதியாக வந்தது. இன்றைய தமிழர் உண்மையில் எழுதும் எழுத்திலிருந்து சொற்களைத் திரட்டிப் பொருள் கூறியது. சொல்லுக்கு முடிந்தது, பொருளுக்கு முடியாதா?

சிறு நூலுக்கு அஞ்சிய பெரு மதம்

சிறிய நூலின் ஆற்றலை ஐரோப்பா அறியும். பிரான்சு நாட்டிலே டிடரோ தொடங்கிய கலைக்களஞ்சியம் 1751இல் வெளிவரத் தொடங்கி, 17 எழுத்துத் தொகுதிகளும் 11 படத் தொகுதிகளுமாய் 1772இல் முடிந்தது. 1752இல் முதலிரு தொகுதிக்குத் தடை. 1759இல் அனுமதியே பறிப்பு. அச்சிட்டவனே ஆசிரியருக்குத் தெரியாமல் வெட்டிச் சிதைத்த வஞ்சகம். அத்தனையையும் தாண்டி அது வென்றது. ஆயினும் அதை வாங்க முடிந்தவர் செல்வர். அந்த முதற் பதிப்பு ஏறத்தாழ 4,000 படிகளே அச்சாயிற்று.

வால்டேர் வேறு வழி கண்டார். 1764இல் பெயர் போடாமல் ஒரு சிறு நூல் வெளியிட்டார். சட்டைப்பையில் செருகத்தக்க ஒரே தொகுதி. அகரவரிசையிலே 73 கட்டுரை. தத்துவ அகராதி என்று பெயர். இருபது பெருந்தொகுதிகள் புரட்சி விளைக்கமாட்டா, குறைந்த விலையில் கைக்குக் கிடைக்கும் சிறு நூல்களுக்கே ஆதிக்கக்காரர் அஞ்ச வேண்டும் என்ற கருத்தை 1766இல் நண்பருக்கு எழுதினார்.

அஞ்சினார்களா? அஞ்சினார்கள்! அதே 1766, சூலை முதல் நாள். அபேவில் என்னும் ஊரிலே லா பார் என்ற 20 வயது இளைஞனின் தலையை வெட்டி, உடலைத் தீயிலிட்டார்கள். மத ஊர்வலத்துக்கு முன் தொப்பியை எடுக்கவில்லை, மதத்தைப் பழிக்கும் பாட்டுப் பாடினான் என்பன குற்றச்சாட்டுகள். அவன் அறையிலே கிடைத்த தத்துவ அகராதியையும் அவன் உடலோடு சேர்த்து எரித்தார்கள். தோழர்களே, ஒரு சட்டைப்பை நூலை எரிக்க ஓர் இளைஞனின் பிணத்தை விறகாக்கினார்கள் என்றால், அந்த நூல் எவ்வளவு வலிமை உடையதாய் இருந்திருக்க வேண்டும்!

பஞ்சாங்கத்தோடு நேருக்கு நேர் மோதிய வரலாறும் உண்டு. இங்கிலாந்திலே நம் நாட்டைப் போலவே சோதிடப் பஞ்சாங்கங்கள் வீடுதோறும் விற்றன. 1826இல் தோன்றிய பயனுள்ள அறிவைப் பரப்பும் கழகம் என்ன செய்தது? சோதிடத்தைத் திட்டி நூறு துண்டறிக்கை விட்டு ஓய்ந்துவிடவில்லை. 1828ஆம் ஆண்டுக்குத் தானே ஒரு பஞ்சாங்கம் போட்டது! கடல் ஏற்றவற்றம் உண்டு, ஞாயிறு எழும் நேரம் உண்டு, பயனுள்ள செய்தி உண்டு; சோதிடம் மட்டும் இல்லை. ஆணியைப் பிடுங்கவில்லை, ஆணியிலே வேறு ஏட்டை மாட்டினார்கள்! அதே கழகம் 1833இல் தொடங்கிய காசுக் களஞ்சியமோ 27 தொகுதிகளாய்ப் பருத்து, 1843இல் முடிந்தபோது பதிப்பாளருக்கு நட்டத்தையே தந்தது. இரண்டிலும் பாடம் இருக்கிறது.

பிரான்சிலே பியர் லாருசு, கொல்லரின் மகன், பள்ளி ஆசிரியர். 1856இல் ஒரு சிறு அகராதி வெளியிட்டார். அதன் வழித்தோன்றலாய் 1905இல் வந்த ஒரே தொகுதிச் சிற்றகராதி, சொல்லும் பொருளும் படமுமாய், இன்றும் ஆண்டுதோறும் புதுப் பதிப்புக் காண்கிறது. லாருசின் துணிவுக்கு ஒன்று சொல்வேன். தம் பெருங்களஞ்சியத்திலே போனபார்ட் என்ற தலைப்பின்கீழ், அந்தக் குடியரசுப் படைத்தலைவன் 1799 நவம்பரில், ஆட்சியைக் கைப்பற்றிய நாளிலே இறந்துவிட்டதாக எழுதினார். அதன்பின் வாழ்ந்தவன் பேரரசன். குடியரசு வீரன் அன்றே செத்தான் என்பது பொருள்!

இங்கிலாந்திலே 1897இல் ஒரு சவர்க்காரக் கம்பெனி, ஒரு ஷில்லிங் விலையில் பியர்சு களஞ்சியம் வெளியிட்டது. சவர்க்காரம் விற்கக் களஞ்சியம்! உடலழுக்கோடு அறியாமை அழுக்கையும் நீக்கிய அந்த ஒற்றைத் தொகுதி, நூறாண்டுக்கும் மேல் தொழிலாளர் வீட்டு மேசையிலே வீற்றிருந்தது.

யார் எழுதினார்? யார் வெட்டினார்?

எனினும், சிறு நூல் என்றாலே நல்ல நூல் என்று மயங்கிவிடலாகாது. ஒரே தொகுதி என்றால் ஆயிரத்தில் ஒன்றை எடுத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றொன்பதை விட வேண்டும். எடுப்பவன் யார்? விடுபவன் யார்? அங்கேதான் ஆதிக்கம் ஒளிந்திருக்கிறது!

பாதிரியாய் இருந்து, 1896இல் மடத்தை விட்டு வெளியேறிப் பகுத்தறிவாளரான ஜோசப் மெக்கேப் இதைக் கண்டு கொதித்தார். பிரிட்டானிக்காவிலே திருச்சபைக்கு ஒவ்வாதவை வெட்டப்பட்டன என்று 1947இல் ஒரு நூல் எழுதினார். 1935இல் ஒரே தொகுதியாய் வெளிவந்து பெரும் புகழ் பெற்ற கொலம்பியா களஞ்சியத்தின் மீதும் 1951இல் அதே குற்றச்சாட்டை வீசினார். குறை கூறிவிட்டு ஓய்ந்தாரா? 1948இல், தம் எண்பதாம் அகவையிலே, பகுத்தறிவுக் களஞ்சியம் ஒன்றைத் தாமே ஒரே தொகுதியாய் எழுதி வைத்தார். அவர் குற்றச்சாட்டு ஒவ்வொன்றையும் நாம் ஏற்க வேண்டுவதில்லை. அவர் கேட்ட கேள்வியை ஏற்றாக வேண்டும்: யார் எழுதினார்? யார் வெட்டினார்?

"இதெல்லாம் பழைய கதை. கைப்பேசி வந்த பின் களஞ்சியம் எதற்கு?" என்பார் நண்பர். பியர்சு களஞ்சியமே 2017இல் வெளியான பதிப்போடு நின்றுவிட்டதே என்றும் சொல்வார். உண்மைதான். தமிழ் விக்கிப்பீடியா 2003 முதல் தன்னார்வலர் உழைப்பால் வளர்வதும் உண்மை, போற்றுகிறோம், அங்கே சென்று எழுதுங்கள் என்று இளைஞரை அனுப்பவும் செய்கிறோம். ஆனால் நண்பரே, உமது கைப்பேசி காலையில் முதலில் காட்டியது என்ன? இன்றைய இராசிபலன் அல்லவா? அடுத்து வந்தது, யார் எழுதியது என்றே தெரியாமல் குழுவிலிருந்து குழுவுக்குத் தாவும் ஒரு புளுகு அல்லவா? தேடத் தெரிந்தவனுக்கு அது கடல், தெரியாதவனுக்குச் சுழல். தேடக் கற்பிப்பது எது? முகப்பிலே ஆண்டும், கட்டுரை அடியிலே எழுதியவர் பெயரும், கடைசியிலே பொருளடைவும் உள்ள ஒரு நல்ல நூல்! அது தாளிலே வரட்டும், திரையிலும் வரட்டும். தாளா திரையா என்பதன்று வழக்கு. பொறுப்பேற்க ஓர் ஆசிரியர் உண்டா இல்லையா என்பதே வழக்கு!

மாட்ட வேண்டிய ஏடு

ஆகவே கேட்கிறோம்: தமிழிலே ஒரே தொகுதிப் பகுத்தறிவுக் களஞ்சியம் ஒன்று வேண்டும். ஒரு நாட்கூலிக்குள் விலை வேண்டும். ஆண்டுதோறும் திருத்தம் வேண்டும். சென்ற பதிப்பின் பிழைகளை முதற்பக்கத்திலேயே ஒப்புக்கொள்ளும் நேர்மை வேண்டும். நாம் எழுதும் களஞ்சியத்துக்கும் இந்தச் சட்டம் பொருந்தும். நம் தலைவர் பெயரிலும் கட்டுக்கதை புகலாகாது; அது கதை என்றால் கதை என்றே எழுத வேண்டும்!

அதிலே வானம் இருக்கட்டும்: கிரகணம் ஏன் நிகழ்கிறது என்பதற்குப் படம் இருக்கட்டும். உடல் இருக்கட்டும்: வயிற்றுப்போக்குக்கு உப்பும் சர்க்கரையும் கரைத்த நீரை எந்த அளவில் கொடுப்பது, பாம்பு கடித்தால் மந்திரவாதியிடம் ஓடாமல் நச்சுமுறி மருந்துள்ள மருத்துவமனைக்கு ஏன் விரைய வேண்டும் என்பவை இருக்கட்டும். சட்டம் இருக்கட்டும்: 1967இல் அண்ணா ஆட்சி நிறைவேற்றி, 1968 சனவரியில் நடைமுறைக்கு வந்த திருத்தத்தின்படி, புரோகிதர் இல்லாமலே, உற்றார் நண்பர் முன்னிலையில் மாலை மாற்றிக்கொண்ட மணம் முழுமையான மணம் என்பதைப் பெண்ணும் பிள்ளையும் பக்கம் புரட்டிக் காட்ட இயலட்டும். 1989இன் தமிழ்நாட்டுச் சட்டம் மகளுக்கும் மூதாதையர் சொத்திலே சம பங்கு தந்தது என்பதைத் தமக்கை தம்பிக்குப் படித்துக் காட்டட்டும். அறிவியல் மனப்பான்மையை வளர்ப்பது குடிமகன் கடமை என்று 1976ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி அரசியல் சட்டமே சொல்வதை, "இதெல்லாம் உங்கள் கட்சிக் கொள்கை" என்று ஏசுவோருக்கு எடுத்து நீட்டட்டும்!

அரசு செய்யட்டும், பல்கலைக்கழகம் செய்யட்டும் என்று காத்திருப்பதா? சிங்காரவேலு முதலியார் காத்திருந்தாரா? மெக்கேப் காத்திருந்தாரா? தேநீர்க் கடையிலும் முடிதிருத்தகத்திலும் ஏடு படித்து வளர்ந்த இயக்கம் இது. ஒவ்வொரு படிப்பகத்திலும் ஒரு மேசை போடுங்கள். மேசைமேல் பூட்டில்லாமல் ஓர் அகராதி, ஒரு சட்டக் கையேடு, ஒரு உடல்நல நூல் வையுங்கள். அதைப் புரட்ட வருவோர் கேட்கும் கேள்விகளை ஒரு குறிப்பேட்டிலே எழுதி வாருங்கள். ஓராண்டு முடிவிலே அந்தக் குறிப்பேடே சொல்லும், நம் மக்களுக்கான களஞ்சியத்திலே எவை இடம்பெற வேண்டும் என்று. மருத்துவம் பயின்ற தோழர் மருத்துவம் எழுதட்டும். வழக்கறிஞர் தோழர் சட்டம் எழுதட்டும். ஆசிரியர் தோழர் எளிய தமிழாக்கட்டும். சீர்திருத்தத் திருமணத்துக்குப் போகிறீர்களா? குத்துவிளக்கு வேண்டாம், மணமக்கள் கையிலே ஒரு பார்வை நூலைக் கொடுங்கள்!

வெறும் சுவர் நெடுநாள் வெறுமையாய் இருக்காது, தோழர்களே. நாம் பஞ்சாங்கத்தைக் கழற்றிவிட்டு வந்தால், மறுநாளே புதுப் பஞ்சாங்கம் அங்கே ஏறிக்கொள்ளும். ஆணி இருக்கிறது, கயிறு இருக்கிறது, கேட்பதற்கு மக்களிடம் ஆயிரம் கேள்வி இருக்கிறது. இல்லாதது ஏடு ஒன்றுதான். எழுதுவோம், எழுதி, அந்த ஆணியிலேயே மாட்டுவோம்!